தந்தி இல்லாத காலத்து மலை

பள்ளிக்கூடத்தில் எரிமலை என்றால் கிரகட்டோவா என்றே எனக்குக் கற்பித்தார்கள். பின்னொரு நாள் இந்தோனேசியப் படத்தை விரித்து, மேற்கிலிருந்து விரலை நகர்த்தினேன். சுமத்ராவில் கெரிஞ்சி, சுமத்ராவுக்கும் ஜாவாவுக்கும் இடைப்பட்ட கடலில் கிரகட்டோவா, நடு ஜாவாவில் மெராபி, கிழக்கு ஜாவாவில் நம் மேருவின் பெயரையே தாங்கிய செமேரு, பாலியையும் லொம்போக்கையும் தாண்டினால், சும்பாவாத் தீவில் தம்போரா.

1883-ல் கிரகட்டோவா வெடித்தபோது தந்தி அச்செய்தியை உலகெங்கும் பரப்பியது. 1815-லேயே தம்போரா அதைவிடப் பெரிதாக வெடித்தது. மறு ஆண்டு மேற்கு ஐரோப்பாவில் கோடையே வரவில்லை. காரணம் அங்கே யாருக்கும் புலப்படவில்லை. மலையடியில் இருந்த சிற்றரசு ஒன்று சாம்பலில் புதைந்தது. அதன் மொழியும் அதோடு மாண்டது.

தந்தி பிறக்குமுன் நேர்ந்த துயரம் அல்லவா? என் பாடப் புத்தகத்தில் அதற்கு ஒரு வரிகூட இடம் கிடைக்கவில்லை.