நெட்சிலிக் இனூயிட் மக்களின் கோடைகால வாழ்க்கை

நெட்சிலிக் மக்கள் கனடாவின் வடகோடியில், பூத்தியா தீபகற்பம், கிங் வில்லியம் தீவு ஆகியவற்றைச் சூழ்ந்த பகுதியில் வாழும் இனூயிட் பிரிவினர் ஆவர். இப்பகுதி 1999 முதல் நூனவுட் ஆட்புலத்துள் அடங்குகிறது. நிலையான குடியிருப்புகள் உருவாகும் முன்னர் இம்மக்களின் கோடைகாலம் பெரும்பாலும் குளிர்காலத்துக்கான ஆயத்தமாகவே அமைந்தது.

உணவும் எண்ணெயும்

கோடைத் தொடக்கத்தில் வேட்டையாடிய கடல்நாய்களின் கொழுப்பைத் தோற்பைகளில் அடைத்துக் கரையோரத்தில் கற்குவியலின் கீழ் சேமித்தனர். குளிர்காலத் தொடக்கத்தில் கல்விளக்கு எரிய இதுவே எண்ணெய். பின்னர் கூடாரங்களுடன் உள்நாட்டுக்கு நடந்தனர். நாய்களும் சுமை தூக்கின. ஆகத்து மாதத்தில் சார் மீன்கள் கடலிலிருந்து ஏரிகளுக்குத் திரும்புகையில், ஆற்றின் குறுக்கே கல்லணை கட்டி மறித்து, மும்முனை ஈட்டியால் குத்திப் பிடித்தனர். மீன் உலர்த்தப்பட்டது.

தோலும் உடையும்

குளிர்காலத்தில் உணவைக் கடல் தந்தது; அதை எதிர்கொள்ளும் உடையை நிலமே தந்தது. கடற்பனியில் கடல்நாயின் மூச்சுத்துளை அருகே மணிக்கணக்கில் அசையாது காத்திருக்கக் கரிபு மான் தோலாடை இன்றியமையாதது. இம்மானின் மயிர் உள்ளே காற்றறைகள் கொண்டதால் வெப்பத்தைத் தடுத்து வைக்கிறது. உள்ளாடையின் மயிர் உடலை நோக்கியும், மேலாடையின் மயிர் வெளிநோக்கியும் அமையும்.

எல்லாத் தோலும் உதவாது. கோடைத் தொடக்கத்தில் மயிர் உதிரும். ஒட்டுண்ணி ஈக்களின் புழுக்கள் தோலைத் துளைத்திருக்கும். பின் இலையுதிர்காலத் தோல் தடித்துவிடும். அது படுக்கைக்கே ஏற்றது. இடைப்பட்ட சில வாரங்களில் மான்கள் வராவிடில் அவ்வாண்டு புத்தாடை இல்லை. ஆகவே நீரைக் கடக்கும் மந்தைகளைக் கயாக் படகிலிருந்து ஈட்டியால் வேட்டையாடினர். பெண்கள் மானின் தசைநாரை நூலாக்கித் தைத்தனர். தையல் முடியும்வரை கடற்பனியில் கடல்நாய் வேட்டை தொடங்கலாகாது என்பது கடுமையான விலக்கு. சமய நம்பிக்கையாயினும், உடையின்றி எவரும் பனிக்குச் செல்லாதபடி அது காத்தது எனலாம்.

பனிச்சறுக்கு வண்டி

மரம் அரிதான இந்நிலத்தில் கூடாரத் தோலை நனைத்து, உள்ளே மீன்களை வரிசையாக வைத்துச் சுருட்டி உறையவிட்டு வண்டியின் அடிச்சட்டம் செய்தனர். இளவேனிலில் உருகியதும் அம்மீன் உணவாயிற்று!

மாற்றம்

துப்பாக்கி பரவியபின் கயாக் வேட்டை அருகியது. 1963-65 இல் மானிடவியலாளர் அசென் பாலிக்சியின் வழிகாட்டலில் எடுக்கப்பட்ட படங்களுக்காக இம்மக்கள் பழைய முறைகளை மீண்டும் செய்து காட்டினர். இன்று டலோயோவக், ஜோவா ஏவன், குகாருக் ஆகிய ஊர்களில் வசிக்கின்றனர். மான் வேட்டையும் மீன் உலர்த்தலும் தொடர்கின்றன.