யாரைக் கேட்டு எழுதினர் சட்டம்?

மதுரையின் தென்பகுதி வில்லாபுரம். அங்கிருந்து மேற்கே சென்றால் கீழக்குயில்குடி. இன்னும் சென்றால் உசிலம்பட்டி வட்டாரம். பிறந்த குலத்தைக் கொண்டே மனிதனைக் குற்றவாளியாக்கிய கொடுமையை இந்த மண் கண்டிருக்கிறது.

1871இல் வடக்கே பிறந்த குற்றப் பரம்பரைச் சட்டம், 1911க்குப் பின் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. பிறமலைக் கள்ளர் கைரேகை பதிய வேண்டும். இரவிலே காவலரின் கண்பார்வையில் கிடக்க வேண்டும். வெளியூர் செல்ல அனுமதிச் சீட்டு வேண்டும். 'ரேகைச் சட்டம்' என்றனர் மக்கள். 1920 ஏப்ரல் 3ஆம் நாள், பெருங்காமநல்லூரில் ரேகை பதிய மறுத்தோர்மீது துப்பாக்கி பேசிற்று. மாண்டோர் 16 பேர். அவருள் ஒருவர் பெண்!

"உங்களைத் திருத்தவே சட்டம்" என்றது ஆட்சி. திருந்த வேண்டியவர் யார் என்பதை முடிவு செய்தவர் யார்? திருந்த வேண்டியவரை எவரும் கேட்டதுண்டா?

இதே கேள்வியை உலக அளவில் எழுப்ப நமக்கு உதவுகிறது ஒரு நூல். ஸ்பானிய அறிஞர் லூயிஸ் ரொத்ரிகஸ்-பின்யேரோ 2005இல் வெளியிட்ட ஆய்வு அது. 1919இல் தோன்றிய உலகத் தொழிலாளர் அமைப்பு, 1989 வரை பூர்வகுடிகளை எப்படி நோக்கிற்று என்பதை அது ஆராய்கிறது.

தொடக்கத்தில் அவ்வமைப்பின் கண்ணுக்குப் பூர்வகுடி, குடியேற்ற நாட்டின் கூலியாள். 1930இல் கட்டாய உழைப்பைத் தடுக்க உடன்படிக்கை. 1936இல் சுதேசித் தொழிலாளரை ஆள்சேர்ப்பதற்கு நெறிமுறை. நல்லவைதாம். 1957இல் வந்த 107ஆம் உடன்படிக்கை, பழங்குடிகளின் நிலவுரிமையையும் ஏற்றது. ஆனால் அதன் குறிக்கோள், அவர்களைப் படிப்படியாகப் பெருஞ்சமூகத்தில் கரைப்பதே! 1958இல் இந்தியா அதனை ஏற்றது.

1989இல்தான் பார்வை மாறிற்று. "அவர்களைப் பாதிக்கும் முடிவுகளை அவர்களைக் கலந்தே எடுங்கள்" என்ற நெறியை 169ஆம் உடன்படிக்கை வகுத்தது. அதனை இந்தியா இன்னும் ஏற்கவில்லை.

பிறமலைக் கள்ளர் சட்டப்படி பழங்குடியினர் அல்லர், அறிவோம். ஆயினும் கைரேகை கேட்ட அதிகாரியும், கரைத்துவிட நினைத்த அறிஞரும் ஒரே ஆசனத்தில் அமர்ந்தவர்களே. மேலே இருப்பவன் முடிவு செய்வான், கீழே இருப்பவன் பணிவான் என்பது அந்த ஆசனத்தின் மரபு. வருணம் வகுத்தவர்கள் நமக்குச் சொன்னதும் இதுதானே!

ரேகைச் சட்டம் சென்னையில் 1947இலும், நாடெங்கும் 1952இலும் ஒழிந்தது. எண்ணம் ஒழிந்ததா? சீர்மரபினரைப் பழக்கக் குற்றவாளிகளாகக் கருதிய சிறை விதிகள் செல்லா என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளிக்க 2024 ஆயிற்று!

இளைஞர்களே! எந்தச் சட்டம் உங்கள் கைக்கு வந்தாலும் முதலில் கேளுங்கள்: யாருக்காக என்பதை மட்டுமல்ல, யாரைக் கேட்டு என்பதையும்.