மெய்ப்பெயரும் சமநிலையும்: எர்த்சீ என்னும் புனைவுலக மெய்யியலின் வரலாறு

ஒரு மெய்யியல் தோன்ற மக்கள் வேண்டும், மண் வேண்டும், நூற்றாண்டுகள் வேண்டும் என்பது பொதுவான எண்ணம். ஆயினும், எந்த நிலப்படத்திலும் இல்லாத ஒரு தீவுக்கூட்டத்திற்கு ஓர் எழுத்தாளர் தனியொருவராக மறைஞான மெய்யியல் ஒன்றைப் படைத்தார். பின்னர் அதன் குறைகளைத் தாமே கண்டு திருத்தியும் எழுதினார். அவர் அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா கே. லெ குவின் (1929–2018). அவர் படைத்த உலகின் பெயர் எர்த்சீ. மொழியைக் கற்பிப்போரும் கற்போருமாகிய நாம் அம்மெய்யியலை அறிந்துகொள்வது தகும். ஏனெனில், அதன் அடித்தளமே மொழிதான்.

எர்த்சீயின் தொன்மத்தின்படி, செகோய் என்னும் முதல்வர் சொற்களை உரைத்துத் தீவுகளைக் கடலிலிருந்து எழுப்பினார். அப்படைப்பு மொழியில் ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு மெய்ப்பெயர் உண்டு. டிராகன்களுக்கு அது தாய்மொழி. மனிதரோ அதை முயன்று கற்க வேண்டும். ரோக் தீவில் உள்ள மாயவித்தைப் பள்ளியின் மாணவர்கள் தனித்ததொரு கோபுரத்தில் தங்கிப் பெயர்களை நிரல் நிரலாக மனப்பாடம் செய்கின்றனர். ஒரு பொருளின் மெய்ப்பெயரை அறிந்தவருக்கு அப்பொருள் கட்டுப்படும். மனிதருக்கும் மெய்ப்பெயர் உண்டு. அதைத் தாமே சூடிக்கொள்ள இயலாது. மற்றொருவர் வழங்க வேண்டும். பெற்ற பெயரை உயிரனைய நம்பிக்கைக்குரியவரிடம் மட்டுமே வெளிப்படுத்துவர். அன்றாட வழக்கிற்கு வேறு பெயர் வைத்துக்கொள்வர்.

இதனோடு இணைந்த இரண்டாம் கொள்கை சமநிலை. கூழாங்கல்லை வைரமாக மாற்றினால் மாறுவது கல் மட்டுமன்று, உலகமும்தான் என்று ரோக் ஆசிரியர்கள் எச்சரிக்கின்றனர். ஓரிடத்தில் வருவித்த மழை மற்றோரிடத்தில் வறட்சியாக முடியலாம். ஆகவே ஆற்றல் மிக்கவருக்குரிய முதற்பண்பு அடக்கம். 1968இல் வெளிவந்த முதல் நாவலில் கெட் என்னும் இளைஞன் இதை மறந்து, போட்டி மனத்தால் இறந்தோரின் ஆவியை அழைக்கிறான். உடன் வந்த நிழலொன்று அவனைத் துரத்துகிறது. நெடுங்காலம் ஓடியவன், முடிவில் திரும்பி நின்று தானே அதைத் தேடிச் செல்கிறான். அந்நிழலின் பெயர் தன் பெயரே என்று உணர்ந்து உரைக்கும்போதுதான் அவனுக்கு விடுதலை கிடைக்கிறது.

இக்கொள்கைகளின் வேர்கள் எங்கே உள்ளன? சமநிலைக்கான வேரைச் சீன நாட்டின் தாவோ மரபில் காண்கிறோம். லெ குவினின் தந்தை ஆல்ஃப்ரெட் குரோபர் புகழ்பெற்ற மானிடவியல் அறிஞர். அவரிடம் பால் காரஸ் 1898இல் வெளியிட்ட தாவோ தே சிங் பதிப்பு இருந்தது. தம் இறுதிச் சடங்கில் படிக்கவேண்டிய பகுதிகளைத் தந்தை அந்நூலில் குறித்துக்கொண்டிருந்ததைச் சிறுமியாக இருந்த மகள் கண்டார். 1997இல் அந்நூலை அவரே ஆங்கிலத்தில் தம் நடையில் எழுதி வெளியிட்டார். வலிந்து செயலாற்றாமையே பெருஞ்செயல் என்னும் தாவோ நெறி, எர்த்சீயில் மாயவித்தைக்காரரின் ஒழுக்கமாக உருப்பெற்றது.

பெயர்க் கொள்கையின் அருகே வைத்து எண்ணத்தக்க மற்றொரு நிகழ்ச்சியும் அக்குடும்ப வரலாற்றில் உண்டு. 1911இல் கலிபோர்னியாவின் ஓரோவில் நகர் அருகே தொல்குடி மனிதர் ஒருவர் தன்னந்தனியராக வந்து சேர்ந்தார். அவருடைய யாஹி மக்கள் குடியேறிகளின் வன்முறையால் அழிந்திருந்தனர். தம் பெயரைத் தாமே சொல்வது அவர் மரபன்று. தம்மவர் ஒருவரே சொல்ல வேண்டும். சொல்வதற்கோ ஒருவரும் எஞ்சியிருக்கவில்லை. எனவே குரோபர் அவரை 'இஷி' என்று அழைத்தார். அவர் மொழியில் அதன் பொருள் 'மனிதன்' என்பதே. 1916இல் அவர் காசநோயால் மறைந்தார். அவருடைய உண்மைப் பெயரும் அவரோடு மறைந்தது. உர்சுலாவின் தாய் தியோடோரா குரோபர் 1961இல் இஷியின் வரலாற்றை நூலாக்கினார். எர்த்சீயின் முதற்சிறுகதைகள் 1964இல் வெளிவந்தன. ஒன்றிலிருந்து மற்றொன்று நேரே பிறந்தது என்று நாம் வாதிடவில்லை. ஒரு பெயர், சொல்வோரும் கேட்போரும் சேர்ந்து காக்கும் நம்பிக்கை என்பதை அக்குடும்பம் நன்கு அறிந்திருந்தது என்பது மட்டும் தெளிவு.

இவ்வளவோடு நின்றிருந்தால் எர்த்சீயின் மெய்யியல் அழகியதொரு புனைவாக மட்டும் இருந்திருக்கும். 1972க்குள் மூன்று நாவல்கள் முடிந்தன. அவற்றில் ரோக் பள்ளி ஆண்களுக்கே உரியது. பெண்களின் வித்தை இழிந்தது என்பது ஊரார் வழக்கு. 1990இல் வெளிவந்த 'தெஹானு' நாவலில் லெ குவின் அவ்வழக்கையே கேள்விக்கு உட்படுத்தினார். ஆற்றலை இழந்த கெட், அதில் ஆடு மேய்க்கிறான். கைம்பெண்ணாகிய தெனார், தீயில் வெந்த சிறுமி ஒருத்தியை வளர்க்கிறாள். ஆற்றல் என்பது யாது, அது யாருக்கு உரியது என்னும் வினாக்கள் கோபுரத்திலிருந்து அடுப்பங்கரைக்கு வந்து சேர்கின்றன. 2001இல் வெளிவந்த கதைத்தொகுப்பு, ரோக் பள்ளியை நிறுவியவர்களில் பெண்களும் இருந்தனர் என்றும், பின்னரே அவர்கள் விலக்கப்பட்டனர் என்றும் காட்டுகிறது.

அதே ஆண்டில் வந்த இறுதி நாவல் இன்னும் ஆழமாகச் செல்கிறது. இறந்தோர் கற்சுவருக்கு அப்பால் வறண்ட நிலமொன்றில் மகிழ்வும் அன்புமின்றி உலவுகின்றனர் என்று முன்னைய நூல்கள் கூறியிருந்தன. அது இயற்கையன்று, சாவை வெல்ல விரும்பிய பண்டை மாயவித்தைக்காரர், டிராகன்களுக்குரிய வெளியைக் கவர்ந்து அமைத்தது என்று இப்போது வெளிப்படுகிறது. மெய்ப்பெயர் மரபை ஏற்காத கார்கு மக்கள் அங்கே செல்வதில்லை. பெயர் பெற்றோரே அங்குச் சிறைப்பட்டனர். முடிவில் வாழ்வோரும் இறந்தோரும் சேர்ந்து சுவரைத் தகர்க்கின்றனர்.

இவ்வரலாற்றின் சாரத்தை இங்கேதான் காண்கிறோம். அறிவதற்கும் அன்பு காட்டுவதற்கும் உரிய பெயர், உடைமையாக்கும் ஆசை புகுந்தவுடன் விலங்காக மாறுகிறது. தம் மெய்யியலின் உயர்ந்த கருத்திலேயே அவ்விலங்கைக் கண்டு காட்டிய நேர்மைதான் லெ குவினின் பெருமை. பழைய நூல்களை அவர் அழிக்கவில்லை. அவற்றின் மேல் நின்றே மேலும் கேட்டார்.

வகுப்பறையில் நாம் நாள்தோறும் பெயர்களைக் கையாள்கிறோம். பொருளுக்குச் சொல் தருகிறோம். மாணவரைப் பெயர் சொல்லி அழைக்கிறோம். சில வேளைகளில் 'மந்தமானவர்', 'குறும்புக்காரர்' என்று நாமே பெயர் சூட்டியும் விடுகிறோம். நாம் தரும் பெயர் ஒருவருக்குக் கதவாகிறதா, சுவராகிறதா? சுவராகியிருப்பின், அதை எழுப்பிய நாமே முதற்கல்லைப் பெயர்த்தெடுக்க வேண்டும்.