ஒரு வசனம்கூட கிடையாது... ஆனாலும் மறக்க முடியாத கேரக்டர்! யார் இந்த இர்ம் ஹெர்மன்?

இரண்டு மணி நேரப் படம். கதை மொத்தமும் ஒரே வீட்டுக்குள். ஃபேஷன் டிசைனர் பெட்ரா பேசிக்கொண்டே இருப்பார். உதவியாளர் மார்லீன் டிசைன் வரைவார், டைப் அடிப்பார், எல்லாருக்கும் கதவு திறப்பார், திட்டும் வாங்குவார். ஆனா கடைசி வரை வாயே திறக்க மாட்டார். முடிவில் பெட்ரா மனம் மாறி அன்பாகப் பேசும்போது, சூட்கேஸை எடுத்து, துணிகளை அடுக்கிக்கொண்டு கிளம்பிவிடுவார்.

1972-ல் வெளியான 'தி பிட்டர் டியர்ஸ் ஆஃப் பெட்ரா வான் கான்ட்' படத்தின் அந்த மார்லீன்தான் ஜெர்மன் நடிகை இர்ம் ஹெர்மன்.

செக்ரட்டரி டு சினிமா

1942-ல் மியூனிக்கில் பிறந்தவர். நடிப்புப் பயிற்சி எதுவும் எடுத்ததில்லை. ஆட்டோமொபைல் கிளப் ஒன்றில் செக்ரட்டரி வேலை. 1966-ல் அறிமுகமானார் ரெய்னர் வெர்னர் ஃபாஸ்பிண்டர். அப்போது அவர் வாய்ப்பு தேடிக்கொண்டிருந்த இளைஞர். அவருடைய ஆரம்பகாலக் குறும்படத்தில் நடித்த ஹெர்மன், பிறகு ஆபீஸ் வேலையையே விட்டுவிட்டார்.

ஃபாஸ்பிண்டர் படங்களின் ஸ்டார் என்றால் ஹன்னா ஷிகுல்லாதான். ஹெர்மனுக்குக் கிடைத்தது பெரும்பாலும் கறாரான மனைவி, கடுகடுக்கும் மகள் மாதிரியான ரோல்கள். 'அலி: ஃபியர் ஈட்ஸ் தி சோல்' (1974) படத்தில், மொராக்கோ தொழிலாளியை மணந்துகொண்ட வயதான தாயை வெறுப்போடு பார்க்கும் மகள் இவர்தான். கணவராக நடித்தவர் யார் தெரியுமா? ஃபாஸ்பிண்டரே!

அப்போ எப்பவும் சைடு ரோல்தானா? இல்லை. தள்ளுவண்டி பழ வியாபாரியின் மனைவியாக நடித்த 'தி மெர்ச்சன்ட் ஆஃப் ஃபோர் சீசன்ஸ்' படத்துக்காக 1972-ல் ஜெர்மன் திரைப்பட விருது கிடைத்தது.

கேமராவுக்குப் பின்னால்

இருவருக்கும் இடையே சினிமாவைத் தாண்டிய உறவு இருந்தது. அதில் அடி, உதையும் இருந்ததை ஹெர்மனே பின்னாளில் பேட்டிகளில் வெளிப்படையாகச் சொன்னார். 1970-களின் நடுவில் விலகி பெர்லினுக்குப் போனார். இது தெரிந்த பிறகு பார்த்தால், அந்த சூட்கேஸ் காட்சி வேறு மாதிரிதான் தெரிகிறது.

ஆனாலும் 'பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்' (1980), 'லிலி மார்லீன்' (1981) என மீண்டும் ஃபாஸ்பிண்டரோடு வேலை செய்தார். 1982-ல் ஃபாஸ்பிண்டர் 37 வயதில் இறந்தபோதும் ஹெர்மனின் பயணம் நிற்கவில்லை. ஏற்கெனவே வெர்னர் ஹெர்சாக்கின் 'வோய்செக்' (1979) படத்தில் நடித்திருந்தவர், லோரியோவின் காமெடி படமான 'பாப்பா ஆன்டே போர்டாஸ்' (1991) படத்தில் சிரிக்கவும் வைத்தார்.

2020 மே மாதம், 77 வயதில் பெர்லினில் காலமானார். 2022-ல் பிரெஞ்சு இயக்குநர் பிரான்சுவா ஓசோன், பெட்ரா கதையை ஆண் கதாபாத்திரத்தை வைத்து 'பீட்டர் வான் கான்ட்' என மீண்டும் எடுத்தார். மார்லீன் இடத்தில் கார்ல் என்ற இளைஞர். அவருக்கும் ஒரு வசனம்கூட இல்லை.