1953 ஹர்த்தாலும் காலிமுகத்திடலும்

1953 ஓகஸ்ட் 12 அன்று இலங்கையில் ஒரு நாள் வேலைநிறுத்தமும் கடையடைப்பும் நடந்தன. இது ஹர்த்தால் என்ற பெயரால் அறியப்படுகிறது. குஜராத்தி மொழிவழி வந்த இச்சொல், 1919இல் ரௌலட் சட்டத்துக்கு எதிராகக் காந்தி விடுத்த அழைப்பால் இந்தியா எங்கும் பரவியது. சுதந்திர இலங்கையில் அரசுக்கு எதிராக மக்கள் பெருந்திரளாக எழுந்த முதல் நிகழ்வு இதுவே. தெற்கின் இடதுசாரிகளும் வடக்கின் தமிழரசுக் கட்சியும் ஒரே கோரிக்கைக்காக ஒரே நாளில் நின்றதும் இதில்தான்.

கூப்பன் அரிசி

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் தொடங்கிய பங்கீட்டு முறை போருக்குப் பின்னும் தொடர்ந்தது. கூப்பன் புத்தகத்துக்குக் கிடைக்கும் அரிசி கொத்து 25 சதம். 1952 தேர்தலில் ஐக்கிய தேசியக் கட்சி அந்த விலையைக் காப்பதாகச் சொல்லியே வாக்குக் கேட்டது. கொரியப் போரால் ஏறியிருந்த றப்பர் விலை அதற்குள் விழுந்துவிட்டது. அந்நியச் செலாவணி கரைந்தது. 1953 ஜூலையில் நிதியமைச்சர் ஜே. ஆர். ஜெயவர்த்தனா சமர்ப்பித்த வரவுசெலவுத் திட்டம் அரிசி விலையை 70 சதமாக்கியது. புகையிரதக் கட்டணமும் தபால் கட்டணமும் ஏறின. பாடசாலைப் பிள்ளைகளின் இலவச மதிய உணவு நின்றது.

மதிய உணவு நின்ற செய்தியை வரலாற்று நூல்கள் பெரும்பாலும் ஒரு வரியில் கடந்துபோகின்றன. ஏழை வீட்டுப் பிள்ளை பள்ளிக்கு வருவதற்கே அந்த உணவு காரணமாக இருந்த காலம் அது. நிதியமைச்சரின் கணக்கு பொய்க்கணக்கு அல்ல. அரிசி மானியம் அரசுக்குப் பெருஞ்சுமையாகத்தான் இருந்தது. ஆனால் அந்தச் சுமை இறக்கி வைக்கப்பட்ட இடம் ஏழையின் தலை.

ஓகஸ்ட் 12

ஜூலையில் கொழும்பு காலிமுகத்திடலில் பெரும் கண்டனக் கூட்டம் நடந்தது. அதன் பின் லங்கா சமசமாஜக் கட்சி, பிலிப் குணவர்த்தனாவின் புரட்சிகர சமசமாஜக் கட்சி, கம்யூனிஸ்ட் கட்சி ஆகியன ஹர்த்தாலுக்கு அழைப்பு விடுத்தன. செல்வநாயகம் தலைமையிலான தமிழரசுக் கட்சி ஆதரவு தந்தது. தமிழ்க் காங்கிரஸ் தலைவர் ஜி. ஜி. பொன்னம்பலமோ அப்போது அமைச்சரவையில் இருந்தார். பண்டாரநாயக்காவின் சுதந்திரக் கட்சி அனுதாபம் காட்டியதோடு சரி, களத்தில் இறங்கவில்லை.

தலைவர்கள் கேட்டது ஒரு நாள் அமைதியான நிறுத்தம். மேல் மாகாணத்திலும் தென்மேற்குக் கரையோரத்திலும் மக்கள் அதற்கு அப்பால் போனார்கள். தண்டவாளங்கள் பெயர்க்கப்பட்டன, தந்திக் கம்பிகள் அறுக்கப்பட்டன, மரங்கள் வெட்டி வீதிகளின் குறுக்கே போடப்பட்டன. அமைச்சரவை கொழும்புத் துறைமுகத்தில் நின்ற நியூஃபவுண்ட்லாந்து என்ற பிரித்தானியப் போர்க்கப்பலில் கூடியது. அவசரகாலச் சட்டமும் ஊரடங்கும் வந்தன. துப்பாக்கிச் சூட்டில் குறைந்தது எட்டுப் பேர் இறந்தனர். ஒக்டோபரில் பிரதமர் டட்லி சேனநாயக்கா உடல்நலக் குறைவைக் காரணம் காட்டிப் பதவி விலகினார். அவருக்குப் பின் வந்த சேர் ஜோன் கொத்தலாவலை அரிசி விலையைக் குறைத்தார், ஆனால் 25 சதத்துக்குத் திரும்பவில்லை.

மலையகத் தோட்டத் தொழிலாளர் இந்த ஹர்த்தாலில் பெரும்பாலும் சேரவில்லை. அவர்களைக் குறை கூற முடியாது. 1948 குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியிருந்தது. அதற்கு எதிராக 1952இல் இலங்கை இந்தியர் காங்கிரஸ் நூறு நாட்களுக்கு மேல் கொழும்பில் சத்தியாக்கிரகம் இருந்தபோது தெற்கில் எந்தத் தண்டவாளமும் பெயர்க்கப்படவில்லை.

மூன்றே ஆண்டுகளில்

ஹர்த்தாலின் அறுவடை பண்டாரநாயக்காவுக்குப் போனது. 1956இல் அவர் சிங்களம் மட்டும் சட்டத்தைக் கொண்டுவந்தார். ஜூன் 5 அன்று அதே காலிமுகத்திடலில் சத்தியாக்கிரகம் இருந்த தமிழரசுக் கட்சியினரைக் கும்பல் தாக்கியது. ஹர்த்தாலில் சேர்ந்து நின்றவர்கள் இப்போது பிரிந்தார்கள். பிலிப் குணவர்த்தனா பண்டாரநாயக்காவின் அமைச்சரானார். சமசமாஜக் கட்சியும் கம்யூனிஸ்ட் கட்சியும் சட்டத்தை எதிர்த்து வாக்களித்தன. அந்த நேர்மையும் நிலைக்கவில்லை: சிங்களத்தை அரசகரும மொழியாக வைத்த 1972 அரசியலமைப்பை உருவாக்கிய அமைச்சர் சமசமாஜத் தலைவர் கொல்வின் ஆர். டி சில்வா.

அரிசி மட்டும் அதன் பின்னும் அரசுகளை அச்சுறுத்திக்கொண்டிருந்தது. 1962இல் பங்கீட்டைக் குறைக்க முயன்ற நிதியமைச்சர் பீலிக்ஸ் டயஸ் பண்டாரநாயக்கா பதவி விலக நேர்ந்தது. 1966இல் பங்கீட்டைப் பாதியாக்கியவர், மீண்டும் பிரதமராக வந்திருந்த அதே டட்லி சேனநாயக்கா. இரண்டு கொத்து அரிசி தருவதாகச் சொல்லி 1970இல் சிறிமாவோ வென்றார். மொழிக்காக நடந்த போராட்டங்களுக்கு இந்த வலிமை வாய்க்கவில்லை. 1961 பெப்ரவரி 20 அன்று யாழ்ப்பாணக் கச்சேரி வாசலில் தொடங்கிய சத்தியாக்கிரகம் நிர்வாகத்தையே முடக்கியது. அதற்கு அரசு அனுப்பிய பதில் இராணுவம். ஹர்த்தால் என்ற சொல் வடக்கிலும் கிழக்கிலும் நிலைத்துவிட்டது, ஆனால் அங்கே அது தமிழர் தனியே கடையடைக்கும் நாளின் பெயராயிற்று.

மீண்டும் காலிமுகத்திடல்

2022இல் எரிபொருள், சமையல் எரிவாயு, பால்மா வரிசைகள் நாட்டை மீண்டும் தெருவுக்கு இழுத்தன. ஏப்ரல் 9 முதல் காலிமுகத்திடலில் இளைஞர் கூடாரம் அடித்துத் தங்கினர். மே 18 அன்று அங்கே முள்ளிவாய்க்கால் நினைவேந்தல் நடந்து, கஞ்சியும் பகிரப்பட்டது. 1956இல் தமிழர் அடிவாங்கிய திடலில் இது சிறிய செய்தி அல்ல. ஜூலை 14 அன்று ஜனாதிபதி கோட்டாபய ராஜபக்ச சிங்கப்பூரிலிருந்து பதவி விலகல் கடிதம் அனுப்பினார்.

வடக்கு இந்தப் போராட்டத்தை ஓரளவு தள்ளி நின்றே பார்த்தது. காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் 2017 பெப்ரவரி 20 முதல் கிளிநொச்சியில் தெருவோரம் அமர்ந்திருந்தனர். பிள்ளைகளுக்கு என்ன நடந்தது என்பதே அவர்களின் கேள்வி. ஜனாதிபதி போன பின்னும் அவர்கள் எழவில்லை. ஹர்த்தாலின் 69ஆவது ஆண்டு நிறைவான 2022 ஓகஸ்ட் 12, அந்தப் போராட்டத்தின் 2000ஆவது நாள்.