பாட்டுக் கேட்ட கூடங்கள்

பாலக்காட்டுக்காரரிடம் ஊர்ப் பெருமை பேசச் சொன்னால் செம்பை வைத்தியநாத பாகவதரில் ஆரம்பித்து, மணி ஐயர், எம்.டி. ராமநாதன், கே.வி. நாராயணஸ்வாமி என்று பட்டியல் நீண்டுகொண்டே போகும். ஒரு சிறு பிரதேசத்தில் இத்தனை வித்வான்கள் எப்படி என்று கேட்டால், எல்லாம் கல்பாத்திப் புழைத் தண்ணீரின் மகிமை என்று சிரிப்பார். தண்ணீருக்குப் பங்கு உண்டோ இல்லையோ, அவர்கள் வளர்ந்த வீடுகளுக்கு நிச்சயம் பங்கு உண்டு. அந்த வீடுகளின் உட்புறம் பற்றியே இங்கு எழுத நினைக்கிறேன். வெளிப்புறத்தைப் பற்றிப் பலரும் எழுதியாகிவிட்டது.

அந்தப் பக்கத்தில் அக்ரஹாரத்தைக் 'கிராமம்' என்றுதான் சொல்வார்கள். ஒரே வரிசையில், அடுத்தடுத்த இரண்டு அகங்களுக்கு இடையே ஒரே சுவர். அகலம் குறைவு, நீளம் அதிகம். திண்ணை, ரேழி, முற்றம், கூடம், அடுக்களை, கிணற்றடி, கொல்லை என்று ஒன்றன்பின் ஒன்றாகப் போகும். வாசற்படியில் நின்றால் கொல்லைக் கதவு வரை பார்வை போகும்படி நிலைகளை நேர்கோட்டில் வைத்திருப்பார்கள். பாலக்காட்டுக் கணவாய் வழியே மார்கழி, தை மாதங்களில் வீசும் காற்றை அனுபவித்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

கூடத்தின் அலங்காரம் என்ன? ஒரு ஊஞ்சல், அதற்குப் பித்தளைச் சங்கிலி. தேக்கிலும் பலாவிலும் கடைந்த தூண்கள். மேலே மரத்தட்டு, அதற்கு மேல் ஓடு. பாஸல் மிஷன்காரர்கள் 1865இல் மங்களூரில் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கிய பிறகு அந்தப் பட்டை ஓடு மலபார் முழுவதும் பரவியது. அதற்குப் பின் சிமெண்ட் வந்ததும் சாணம் மெழுகிய தரை பல வீடுகளில் சிவப்புக் காவித் தரையாயிற்று. சுவரில் ஸ்வாமி படங்கள். ராஜா ரவிவர்மா 1894இல் பம்பாய் காட்கோபரில் அச்சகம் வைத்து லக்ஷ்மியையும் சரஸ்வதியையும் வண்ணத்தில் அச்சிட்டுத் தள்ளியபின், அதுவரை வசதியுள்ளவர் வீட்டுத் தஞ்சாவூர்ப் படத்தில் மட்டும் இருந்த தெய்வங்கள் எல்லார் வீட்டுச் சுவருக்கும் வந்துவிட்டன. வீணையேந்திய சரஸ்வதி படத்துக்குக் கீழே தம்புரா சாத்தியிருந்தால் அது பாகவதர் வீடு. வேறு அடையாளம் தேவையில்லை.

மரத்தைப் பற்றி ஒரு வார்த்தை. மிருதங்கக் கட்டையும் பலா, தம்புராக் குடமும் பலா. பாலக்காட்டுக்கு அருகில் பெருவெம்பு கிராமத்தில் தலைமுறை தலைமுறையாக மிருதங்கம், செண்டை, மத்தளம் செய்யும் கைவினைஞர்கள் இருக்கிறார்கள். தூணுக்கும் ஊஞ்சலுக்கும் ஆகி வந்த மரமே வாத்தியத்துக்கும் ஆகி வந்திருக்கிறது. வீடும் வாத்தியமும் ஒரே தோட்டத்துப் பிறவி என்றால் மிகையில்லை.

இப்படி ஒரு கூடத்தில் பாடினால் என்ன ஆகும்? முற்றம் வானத்தைப் பார்த்துத் திறந்திருப்பதால் நாதம் சுவரில் மோதித் திரும்பித் திரும்பி எதிரொலிக்காது. மரத்தட்டும் ஓடும் சப்தத்தைக் கொஞ்சம் வாங்கிக்கொள்ளும். பாடுகிறவருக்குத் தன் குரல் சுத்தமாகக் காதில் விழும். ரேழியில் உட்கார்ந்திருப்பவருக்கும் விழும். பொதுச் சுவர் ஆனதால் விடியற்காலை சாதகம் பக்கத்து அகத்துக்கும் கேட்கும். பையன் ஒரு நாள் சோம்பினால் மறைக்க முடியாது! மைக் இல்லாத காலத்தில் செம்பையின் வெண்கலக் குரலும், மணி ஐயரின் நாதமும் இத்தகைய இடங்களில்தான் உருவாயின. மணி ஐயர் பிற்காலத்திலும் மைக் வேண்டாம் என்று பிடிவாதமாக இருந்தார். அது வெறும் பிடிவாதம் என்று எனக்குத் தோன்றவில்லை. கூடத்தில் பழகிய காது அப்படித்தான் கேட்கும்.

பாடம் நடந்ததும் வீட்டில்தான். செம்பை தம் தகப்பனார் அனந்த பாகவதரிடம் வீட்டிலேயே கற்று, 1904இல் சிறுவனாக முதல் கச்சேரி செய்தார். கே.வி. நாராயணஸ்வாமியின் தகப்பனார் கொல்லங்கோடு விச்வநாத பாகவதர் பிடில் வித்வான். அரியக்குடியிடம் போய்ச் சேருமுன் நாராயணஸ்வாமி மணி ஐயரிடமும் கற்றார். இந்தக் குடும்பங்களில் பள்ளிக்கூடம், சபா, வீடு என்ற பிரிவு கிடையாது.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். திண்ணை, ரேழி, கூடம், அடுக்களை என்ற அந்த வரிசை காற்றுக்காக மட்டும் போட்டதல்ல. யார் எதுவரை வரலாம் என்ற கணக்கும் அதில் இருந்தது. திண்ணையோடு நின்றவர்கள் உண்டு, தெருவுக்கே வர முடியாதவர்களும் உண்டு. கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்த ஜேசுதாஸைச் சிஷ்யராக ஏற்றுக்கொண்டவர் செம்பை. அந்தக் கணக்கை அவர் சங்கீதத்தால் அழித்தார் என்பது, அவர் பெற்ற சங்கீத கலாநிதியையும் பத்மபூஷணையும் விடப் பெரிய விஷயம் என்பது என் அபிப்பிராயம். 1974 அக்டோபர் 16ஆம் தேதி அவர் மறைந்தார். கோட்டாயியை அடுத்த செம்பை கிராமத்தில் பார்த்தசாரதி கோவில் ஏகாதசி சங்கீத உத்ஸவம் இன்றும் நடந்து வருகிறது.

கலைஞர் வீட்டைக் காப்பதில் மற்றவர்கள் எப்படி? லண்டனை அடுத்த பெக்ஸ்லிஹீத்தில் 'ரெட் ஹவுஸ்' என்று ஒன்று இருக்கிறது. வில்லியம் மாரிஸ் என்ற அலங்காரக் கலைஞருக்காக பிலிப் வெப் 1859-60இல் கட்டியது. மாரிஸும் நண்பர்களும் சுவரிலும் அலமாரியிலும் தாங்களே சித்திரம் எழுதினார்கள். மாரிஸ் அங்கே இருந்தது 1865 வரைதான். ஆனால் 2003இல் நேஷனல் டிரஸ்ட் அதை வாங்கி, உள்ளே இருப்பதையும் சேர்த்துப் பாதுகாக்கிறது. அவ்வளவு தூரம் போவானேன், நம் பாலக்காடு ஜில்லாவிலேயே லக்கிடிக்கு அருகே குஞ்சன் நம்பியார் பிறந்த கலக்கத்து பவனம் நினைவகமாக இருக்கிறது. தஸ்ராக்கில் ஓ.வி. விஜயனின் நாவலோடு சேர்ந்துவிட்ட ஞாற்றுப்புரையைப் பார்க்க ஜனங்கள் வருகிறார்கள்.

கல்பாத்தியைப் பாரம்பரியப் பகுதியாக அறிவித்து, முகப்பை இஷ்டப்படி மாற்றக் கூடாது என்று அரசு கட்டுப்பாடு வைத்திருப்பது நல்ல காரியம். ரதோத்ஸவத்தன்று தேர் வரும்போது தெரு அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் தெருவில் நின்று பார்க்கிறவர் கண்ணுக்கு உள்ளே நடப்பது படாது. முற்றத்துக்கு மேல் தகரமோ பைபர் கூரையோ போட்டாகிவிட்டது. காவித் தரை மேல் டைல்ஸ். ஊஞ்சல், தூண், பித்தளைச் சங்கிலி எல்லாம் பழம்பொருள் வியாபாரிக்கு. மட்டாஞ்சேரி யூதத் தெருக் கடைகளில் கேரளத்துப் பழைய வீடுகளின் தூண்களும் கதவுகளும் விலைச்சீட்டுடன் நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். கூடம் பிரிந்தபின் முகப்பு மட்டும் மிஞ்சினால் அது நாடக மேடைப் படுதாதான்.

வயதான தம்பதி மட்டும் இருக்கும் வீட்டில் மழைத் தண்ணீர் வழியும் முற்றத்தை மூடாதே என்று சொல்ல யாருக்கும் உரிமை இல்லை. வழுக்கி விழுந்தால் பார்க்க ஆள் இல்லை. பிள்ளைகள் பங்களூரிலும் அமெரிக்காவிலும். விற்பதையும் குறை சொல்வதற்கில்லை. ஆனால் விற்குமுன், இடிக்குமுன், ஒரு நாள் செலவழிக்கலாம். கூடத்தின் நீள அகலத்தை அளந்து ஒரு காகிதத்தில் வரையுங்கள். தரை, தூண், மரத்தட்டு, படங்கள் மாட்டிய சுவர் எல்லாவற்றையும் போட்டோ எடுங்கள். எந்த வித்வான் எந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்து பாடினார், தம்புரா எந்த மூலையில் இருந்தது என்று அகத்துப் பாட்டியைக் கேட்டு, அவர் குரலிலேயே பதிவு செய்து வையுங்கள். கேட்கும்போது அவரை அந்தக் கூடத்திலேயே உட்கார வைத்துக் கேளுங்கள். வேறு இடத்தில் கேட்டால் பாதி ஞாபகம் வராது.