தீவில் தனித்திருந்தவன்

தனிமை மனிதனை உயர்த்துமா, உருக்குலைக்குமா? இவ்வினா எழுங்கால் நம் நினைவிற்கு வருவது, ஹிஜ்ரி ஆறாம் நூற்றாண்டில் அந்தலூஸியாவில் வாழ்ந்த பேரறிஞர் இப்னு துஃபைல் அரபியில் வரைந்த ‘ஹய்யு இப்னு யக்ளான்’ எனும் நூலாகும். ஆளரவமற்ற தீவில் மான்பால் உண்டு வளர்ந்த ஹய்யு, எவரிடமும் கல்லாது, தன் சிந்தனையாலேயே இறைவனை அறிகிறான்.

அது கற்பனை. மெய்யாகவே தீவொன்றில் தனித்திருந்த ஒருவனின் வரலாற்றை ஈண்டுக் காண்போம்.

ஸ்காட்லாந்து மாலுமி அலெக்ஸாண்டர் ஸெல்கிர்க், கப்பல் பழுதுற்றிருப்பதாகத் தலைவனோடு பிணங்கி, 1704 ஆம் ஆண்டு பசிபிக் கடலின் ஜுவான் ஃபெர்னாண்டஸ் தீவுகளுள் ஒன்றில் இறங்கிக்கொண்டான். அவனது ஐயம் பொய்க்கவில்லை. அக்கப்பல் பின்னர் மூழ்கிப்போயிற்று. ஆயினும், உயிர் தப்பியவனை வேறோர் இடர் சூழ்ந்தது.

முதல் எட்டுத் திங்கள் துயரமும் அச்சமும் அவனை வாட்டின. உணவுக்குக் குறைவில்லை, காட்டாடுகள் மலிந்திருந்தன. குறைந்தது மனிதக் குரலே. குடிசை அமைத்தான், வேதநூலை ஓதினான், துதிப்பாடல்களைப் பாடினான். இரவில் எலிகள் காலைக் கடிக்கவே, இறைச்சியிட்டுப் பூனைகளைப் பழக்கினான். அவற்றோடும் ஆட்டுக்குட்டிகளோடும் பாடி ஆடினான். உழைப்பும் வழிபாடும் மெல்ல மெல்ல அவன் உள்ளத்தை நிலைநிறுத்தின.

நான்கு ஆண்டுகளும் நான்கு திங்களும் கடந்து, 1709 பிப்ரவரியில் கப்பல் தலைவர் வுட்ஸ் ரோஜர்ஸ் அவனை மீட்டார். அப்போது அவன் பேச்சு அரைகுறைச் சொற்களாகவே வெளிவந்தது என்று அவர் எழுதிவைத்துள்ளார். பேசுவாரின்றி நாவே மொழியை மறந்துவிட்டது!

இலண்டனில் அவனைக் கண்ட எழுத்தாளர் ரிச்சர்ட் ஸ்டீல், 1713 இல் மற்றொன்றையும் பதிவு செய்தார். எண்ணூறு பவுனுக்கு உடையவனாகியும், காசின்றித் தீவில் இருந்த நாளின் மகிழ்ச்சி தனக்கு இனி வாராதென அவன் வருந்தினானாம். தனிமை மொழியைப் பறித்தது, அமைதியை அளித்தது, ஊர் வாழ்வைக் கசக்கவும் செய்தது.

மனிதரையே அறியாத ஹய்யுவுக்கு இழப்பதற்கு எதுவுமில்லை. ஸெல்கிர்க்கோ அறிந்ததை இழந்தவன். எனினும் ஒன்றை நாம் மறத்தலாகாது. ஹய்யுவுக்கு மொழி கற்பிக்க அப்ஸால் எனும் மனிதர் வரவேண்டியிருந்தது. மக்களிடையே சென்று மனம் சலித்து, மீண்டும் தீவுக்குத் திரும்பும்போதும், இப்னு துஃபைல் அவனைத் தனியே அனுப்பவில்லை. அப்ஸாலையும் உடன் அனுப்புகிறார். துணையின் அருமையைக் கற்பனையிலேயே கண்டுணர்ந்த அப்பேரறிஞரின் நுண்மாண் நுழைபுலத்தை எண்ணி நாம் வியக்கின்றோம்.